ஒன்பதாவது பதினான்கு

எட்டாவது பதினான்கு விடிந்தது. கெத்ரா எழுந்து இரண்டு கிண்ணங்களில் பார்லிக் கூழ் ஊற்றினாள். ஒன்றைத் தான் குடித்தாள். மற்றதை எடுத்துக்கொண்டு கொல்லையில் இருந்த பனிக்குழிக்குப் போனாள். வெண்ணெயும் இறைச்சியும் கெடாமல் வைக்கிற குழி அது. இப்போது அதில் அவள் கணவன் ஒர்னு ஆட்டுரோமப் போர்வைக்குள் நீட்டிப் படுத்திருந்தான்.

“சாப்பிடுங்க. ஆறிடும்” என்றாள்.

வேறு ஊர்க்காரர்களைக் கேட்டால் அவன் செத்து ஒரு வாரம் ஆயிற்று என்பார்கள். எங்கள் இர்காஷில் அவன் இன்னும் சாகவில்லை. சாய்ந்திருந்தான், அவ்வளவுதான். சாய்ந்தவருக்கு வேளாவேளைக்குச் சாப்பாடு வைக்க வேண்டும், முகம் பார்த்துப் பேச வேண்டும், எக்காரணம் கொண்டும் அழக் கூடாது. அழுதால் அவர் சாய்ந்த நாள் நனைந்து கனத்துப்போகும் என்பது பெரியவர்கள் சொன்னது. கெத்ராவுக்கு ஏற்கெனவே எல்லாம் கனமாகத்தான் இருந்தது.

ஓர் ஆள் கூழ் குடிக்கிற நேரம் காத்திருந்துவிட்டுக் கிண்ணத்தை எடுத்துக் கோழிகளுக்குக் கொட்டினாள். திரும்பி வந்து போர்வையை விலக்கி, குனிந்து முகர்ந்து பார்த்தாள். ஒன்றுமில்லை. ஆனால் குழியில் பனி ஒரு முழம் இறங்கியிருந்தது. சுவரோரம் தண்ணீர் கசிந்தது. நடப்பது உருகு மாதம், அது தன் வேலையைச் செய்யத்தான் செய்யும். நாளைக்கு ஒன்றும் ஆகாது. நாளை மறுநாளைப் பற்றி அவளுக்கு நம்பிக்கை இல்லை. இந்த மனிதரை நாறவிடாமல் மண்ணில் வைக்க வேண்டும், பிறகு உட்கார்ந்து ஒரு பாட்டம் அழ வேண்டும். அவள் கேட்டது இந்த இரண்டைத்தான். ஊரில் இந்த இரண்டுக்கும்தான் வழியில்லாமல் இருந்தது.

எங்கள் ஊரில் தெருதான் மாதம், வீடுதான் தேதி. பத்துத் தெரு, தெருவுக்கு முப்பத்துநாலு வீடு. உருகு தெருவின் பதினாலாம் வீடு ஒர்னுவுடையது. ஆகவே உருகு மாதம் பதினான்காம் நாளும் அவனுடையது. அன்றைக்கு விடியும்போது அவன் கிழக்கு வாசலுக்குப் போய், நாள்கல் இருக்கிற கூடையை முதுகில் ஏற்றிக்கொள்ள வேண்டும். சின்ன ஆட்டுக்குட்டி கனம் இருக்கும். தன் தெருவில் ஒரு நடை நடந்து காட்டிவிட்டு, மதிலுக்கு வெளியே போய், பாலம் கடந்து, உப்பூற்றைச் சுற்றி, பொழுது விழுவதற்குள் மேற்கு வாசலில் இறக்க வேண்டும். வழியில் ஏழு சுமைதாங்கிக் கற்கள் உண்டு. முதுகைக் கொடுத்து நின்று மூச்சு வாங்கலாம். உட்காரக் கூடாது, படுக்கக் கூடாது. உட்கார்ந்தால் அந்த நாள் போகவில்லை என்று பொருள். மறுநாள் விடிந்தாலும் அதே தேதிதான்.

இது ஒன்றும் அதிசயமில்லை. வருஷத்துக்கு இருபது, இருபத்தைந்து நாள் இப்படி இடறும். ஒருவருக்குக் காய்ச்சல் கண்டிருக்கும், இன்னொருவருக்கு முந்தின நாள் குடித்தது தெளிந்திருக்காது. முந்நூற்று நாற்பது நாளோடு அந்த இடறல்களையும் சேர்த்தால்தான் சூரியன் ஒரு சுற்று சரியாக வரும். நம் கால்களின் யோக்கியதை தெரிந்தே முன்னோர் வருஷத்தைக் கட்டியிருக்கிறார்கள். ஒரு வருஷம் ஊரே திடமாக இருந்துவிட்டதாம். அறுப்பு மாதம் வந்தும் பயிர் பச்சையாக நிற்க, ஆட்களைக் கெஞ்சிக் கூத்தாடி நடுவழியில் உட்காரவைத்தார்களாம்.

இடறிய நாளில் பிறந்த பிள்ளை, அந்த நாள் மேற்கு வாசலில் இறங்கிய பிறகுதான் பிறந்ததாகக் கணக்கு. சாவுக்கும் அதே சட்டம். ஒரு நாள், இரண்டு நாள் என்றால் யாரும் பொறுத்துக்கொள்வார்கள். ஒர்னுவுக்கு நேர்ந்தது யாருக்கும் நேராதது. அவன் தன்னுடைய நாளைச் சுமந்துகொண்டு போகும்போதே, பாலத்து முனையில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்தான். நாளுக்கு உடையவர் செத்தால்தான் நாள் அடுத்தவர் கைக்கு, அதாவது கெத்ராவின் கைக்கு, வரும். பதினான்கு இறங்கினால்தான் ஒர்னு செத்தவன். ஒர்னு சுமந்து வந்தால்தான் பதினான்கு இறங்கும். அவனோ பனிக்குழியில் கிடக்கிறான். பாம்பு தன் வாலைத் தானே விழுங்கத் தொடங்கினால் எங்கே போய் முடியும்?

நாள்கணக்கைக் காக்கிற துவால் முடிச்சுக் கயிறுகளை எல்லாம் பிரித்துப்போட்டு மூன்று நாள் தேடினார். நூறு வருஷத்துக் கயிறு. மூக்கு ஒழுக ஒழுக, ஒவ்வொரு முடிச்சாக விரலால் தடவிப் பார்த்தார். கடைசியில் கெத்ராவின் வீட்டுக்கு வந்து, முற்றத்தில் நின்றபடியே, இப்படி ஒரு முடிச்சு எந்தக் கயிற்றிலும் இல்லை என்று சொல்லிவிட்டுப் போனார். அவரைக் கோபிக்கவும் முடியவில்லை. பாவம், அவரும் சரியாகத் தூங்கவில்லை.

ஊருக்கு வந்த தொல்லையும் கொஞ்சமில்லை. இருபதாம் தேதி மந்தை மேல்மலைக்கு ஏற வேண்டும், வைக்கோல் தீர்ந்துகொண்டிருந்தது. பதினேழாம் வீட்டுப் பெண்ணுக்குப் பதினேழில் கல்யாணம், மாப்பிள்ளை வீட்டார் வந்து இறங்கி உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள். ஊர் வாயை மூட உலைமூடி ஏது? உப்பூற்றிலிருந்து உப்பு சுமந்து பிழைக்கிற கெத்ரா மூட்டையோடு தெருவில் போனால், ‘இன்னும் எழுந்திரிக்கலையா உன் வீட்டுக்காரர்?’ என்று கேட்டார்கள். அதைக் கேலி என்று சொல்ல முடியாது. சாய்ந்தவரைப் பற்றி அப்படித்தான் கேட்க வேண்டும் என்பது முறை. அவளும் முறைப்படி, ‘இன்னும் இல்ல’ என்று எட்டு நாளாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். சொல்லிச் சொல்லி அவள் தாடை வலித்தது.

எல்லோரையும்விட அதிகம் நச்சரித்தவள் பக்கத்து வீட்டு பிர்சா. அவள் பதினைந்துக்காரி. சுமக்கப் போகிறவர் முந்தின நாள் உப்பில்லாமல் சாப்பிட வேண்டும். அவளுக்கு முந்தின நாளே எட்டு நாளாக நீண்டுகொண்டிருந்தது. கொல்லைச் சுவருக்கு மேல் தலையை நீட்டி, “உன் புருஷன் சாகலடி. என் நாக்குதான் செத்துப் போச்சு” என்றாள். கெத்ரா கோழிகளை விரட்டிக்கொண்டு உள்ளே போனாள். பிர்சாவோடு அவளுக்கு வேறொரு கணக்கு இருந்தது.

நாளைச் சுமக்கிறவருக்குப் பின்னால் சாட்சியாக நடப்பவர் மறுநாளுக்கு உடையவர்தான். வேலிக்கு ஓணான் சாட்சி என்று தோன்றும். ஆனால் யோசித்துப் பார்த்தால் சரியான ஏற்பாடு. இன்றைய நாள் போனால்தான் தன் நாள் வரும் என்று காத்திருப்பவரே ‘போகவில்லை’ என்றால், அதற்குமேல் யார் சந்தேகப்படுவார்கள்? ஒர்னு விழுந்தபோது பின்னால் நின்றவள் பிர்சா. ‘விழுந்தார், படுத்தார், எழவில்லை’ என்று மேற்கு வாசலில் சொன்னவளும் அவள்தான். கூப்பிட்டு எழுப்பப் பார்த்தாளா, ஒரு வாய் தண்ணீர் கொடுத்தாளா என்று கெத்ரா கேட்கவில்லை. கேட்டால் அழுகை வந்துவிடும், அழுகைக்கு அனுமதி இல்லை.

ஆறாவது பதினான்கில் ஊர் ஒரு தந்திரம் செய்து பார்த்தது. ஒர்னுவின் தம்பி மாக்கோ, அண்ணனைப் போலவே குட்டையான ஆள், வேறு தெருவில் வேறு தேதிக்காரன். அவனுக்கு அண்ணனின் மேலங்கியை மாட்டிவிட்டார்கள். குழந்தைகள் உட்பட எல்லோரும் அவனை ஒர்னு என்றே கூப்பிட வேண்டும் என்று துவால் கண்டிப்பாகச் சொன்னார். கெத்ராவும் விடியலில் அவனுக்குக் கூழ் கொடுத்து, “போயிட்டு வாங்க” என்றாள்.  மாக்கோ பழுதில்லாமல் நடந்தான். ஏழு சுமைதாங்கியும் தாண்டினான். ஊர் முழுக்க மேற்கு வாசலில் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்க, வாசல்படி ஏறி, கூடையோடு நெஞ்சை நிமிர்த்தி, கண் கலங்க, “எங்க அண்ணனோட நாளைக் கொண்டாந்துட்டேன்” என்றான்.

துவால் கையால் முகத்தை மூடிக்கொண்டார். கேட்காததுபோல இருந்திருக்கலாம் என்று பிற்பாடு பலர் சொன்னார்கள். ஆனால் நாள்கணக்கைக் காக்கிறவர் கேட்காததுபோல இருக்கத் தொடங்கினால், அதற்கப்புறம் ஊரில் யாருக்கும் எந்த வயதும் நிச்சயமில்லை. ஏழாவது பதினான்கு விடிந்தது. மாக்கோ வெட்கத்தில் ஆட்டுப்பட்டியை விட்டு வெளியே வரவில்லை.

எட்டாவது பதினான்கு அன்று மத்தியானம் துவாலின் முற்றத்தில் கூட்டம். தெருவுக்கு இரண்டு பேர் என்று இருபது பேர் வெண்ணெய்த் தேநீரை வைத்துக்கொண்டு, பேசியதையே பேசினார்கள். ஒருவர் பதினாலாம் வீட்டையே இடித்துவிடலாமா என்று கேட்டார். வீடு இல்லையென்றால் தேதி இல்லையே என்பது அவர் யோசனை. அப்படியானால் அடுத்த வருஷமும் பதிமூன்றுக்கு அடுத்து பதினைந்தா என்று இன்னொருவர் சண்டைக்கு வந்தார். கெத்ரா உப்பூற்றிலிருந்து வந்த வழியில், மூட்டையை இறக்காமலேயே, கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். தன் வீட்டை இடிப்பதைப் பற்றிக் கேட்டபோதுகூட அவளுக்குக் கோபம் வரவில்லை. இவர்களுக்கும் அலுத்துவிட்டது என்று மட்டும் தோன்றியது.

“நாளைக்கு அவரே தூக்கிட்டு வருவாரு” என்றாள்.

எல்லோரும் திரும்பினார்கள். பாவம், மூளை கலங்கிவிட்டது என்று சிலர் முகத்தில் எழுதியிருந்தது.

அவள் மெதுவாக, கணக்குச் சொல்கிறவளைப்போலச் சொன்னாள். வயதானவர்களுக்கு அவரவர் வீட்டார் தோள் கொடுப்பது வழக்கம்தானே. போன வருஷம் கூர் மாதத்து ஒன்பதுக்காரரை அவர் மகள் ஏறக்குறையத் தூக்கிக்கொண்டேதான் வந்தாள், யாரும் ஒன்றும் சொல்லவில்லை. தானும் தோள் கொடுக்கப் போவதாகச் சொன்னாள். கூடை ஒர்னுவின் மேல் இருக்கும். ஒர்னு அவள் முதுகில் இருப்பார். உப்பு மூட்டை சுமக்கிற மரச்சட்டத்தில் நிற்கவைத்துக் கட்டிக்கொண்டால் அவர் உட்காரவும் மாட்டார், படுக்கவும் மாட்டார்.

துவால் நெடுநேரம் கயிற்றைப் பார்த்தார். பிடித்த முயலுக்கு மூன்று கால் என்கிற ஆள். ஆனால் சட்டத்தை வரிவரியாக வாய்க்குள் சொல்லிப் பார்த்ததில், சுமப்பவரின் கால் தரையில் பட வேண்டும் என்று எங்கும் இல்லை. மிருகம் சுமக்கக் கூடாது என்று இருந்தது. வீட்டார் தவிர மற்றவர் தாங்கக் கூடாது என்று இருந்தது. மாக்கோ இப்போது வேறு வீடு. ஒரே மகளும் கல்யாணமாகி இன்னொரு தேதிக்குப் போய்விட்டாள். ஆக, கெத்ரா ஒருத்திதான்.

“நீ வழியில உட்கார்ந்துட்டா?” என்று கேட்டார்.

“நான் உட்கார்ந்தா அவரும் உட்கார்ந்த மாதிரிதான். பத்தாவது பதினாலு விடியும்.”

கூட்டத்தின் ஓரத்தில் நின்ற பிர்சா சும்மா இருக்கவில்லை. “உப்பு மூட்டை வேற, புருஷன் வேறடி. மூட்டை கனத்தா பாதி கொட்டிடலாம்” என்றாள்.

“முப்பது வருஷமா தூக்கறேன். இன்னும் ஒரு நாள், அவ்வளவுதானே” என்றாள் கெத்ரா.

ஒன்பதாவது பதினான்கு. விடியலில் கிழக்கு வாசலில் ஊரே நின்றது. கெத்ரா ஒர்னுவைவிட ஒரு சாண் உயரம். கல்யாணத்தன்றே, யார் யாரைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போவது என்று ஊர் கேலி பேசியது. ஒர்னுதான் எல்லோரையும்விட உரக்கச் சிரித்தான். இப்போது அவனை உறைந்த பலகைபோலச் சட்டத்தில் நிறுத்தி, முதுகும் முதுகும் ஒட்டக் கட்டினாள். அவன் முகம் பின்பக்கம், அவள் முகம் முன்பக்கம். அவன் தோள்களில் கூடை மாட்டப்பட்டு நாள்கல் அவன் நெஞ்சில் தொங்கியது. அவள் சட்டத்தின் பாரத்தைத் தாங்குகிற நெற்றிப்பட்டையை ஏற்றி, பல்லைக் கடித்து நிமிர்ந்தாள். அவன் கால்கள் தரையிலிருந்து ஒரு சாண் மேலே எழுந்தன. துவால் மேளத்தைத் தட்டி, “பதினான்கு எழுந்தது” என்றார். குரலில் உற்சாகம் இல்லை. ஒன்பது தடவை சொன்ன வார்த்தை.

முதல் மூன்று சுமைதாங்கிவரை அவள் எதையும் நினைக்கவில்லை. பாரம் சுமக்கிறவர்களுக்குத் தெரியும், முதலில் காலைத் தவிர வேறு எதையும் நினைக்கக் கூடாது. சேறும் பனியும் கலந்த பாதை. முதுகில் அவன் குளிர் ரோமச் சட்டையைத் துளைத்துக்கொண்டு இறங்கியது. பின்னால் பிர்சாவின் காலடிச் சத்தம், அதற்கும் பின்னால், மரியாதையான தூரத்தில், ஊர்.

பாலம் வந்ததும் வாய் திறந்தது. சாய்ந்தவரோடு பேசலாம், அது முறைதான். இங்கேதானே விழுந்தீர்கள் என்று கேட்டாள். காலையிலேயே நெஞ்சு வலித்திருக்கும், சொன்னால் என்ன? நாள் இடறினால் இடறட்டுமே, வருஷத்துக்கு இருபத்தைந்து பேர் இடறுகிறார்கள், உங்களுக்கு மட்டும் என்ன ரோஷம் என்று திட்டினாள். கூரை ஒழுகுவதைச் சொன்னாள். தம்பிக்குக் கொடுத்த கிடாயைத் திருப்பிக் கேட்கச் சொன்னதை ஞாபகப்படுத்தினாள். நீங்கள் குறட்டை விடாததால் எனக்குத் தூக்கமே வரவில்லை, இந்த ஒன்பது நாளில் நான் மொத்தம் ஒரு ராத்திரிகூடத் தூங்கியிருக்க மாட்டேன் என்று சொல்லும்போது குரல் நடுங்கியது. சட்டென்று வாயை மூடிக்கொண்டாள்.  பின்னால் வந்த பிர்சாவுக்கும் லேசான வேலையில்லை. நாள் முழுக்க ஒர்னுவின் முகத்தைப் பார்த்தபடியே நடக்க வேண்டியவள் அவள்.

உப்பூற்றைச் சுற்றும்போது வெயில் ஏறிவிட்டது. ஒர்னு உருகத் தொடங்கினான். அவன் போர்வையிலிருந்து தண்ணீர் அவள் குதிகாலில் சொட்டியது. விறைப்பு போய் உடம்பு கட்டுக்குள் தொய்ந்தது. தொய்ந்த பாரம் இரண்டு பங்கு கனக்கும். ஐந்தாவது சுமைதாங்கியில் முதுகு கொடுக்க முடியவில்லை. கல்லுக்கும் அவளுக்கும் நடுவில் அவன் இருந்தான். பக்கவாட்டில் தோளை மட்டும் சாய்த்து நின்றாள். கண்ணுக்கு முன்னால் பாதை இரண்டாகத் தெரிந்தது. இரண்டுமே மேட்டில் ஏறின.

ஆறாவது கல்லுக்கு முன்னால், அந்த மேட்டில், அவள் வலது கால் வழுக்கியது. உட்காரக் கூடாது என்பது மட்டும் நினைவிருந்தது. முழங்கால்கள் இரண்டும் சேற்றில் இறங்கின. இரண்டு கையையும் முன்னால் ஊன்றாமல், முதுகை நிமிர்த்தியபடியே நின்றுவிட்டாள். கூட்டத்தில் ஒரு முனகல் எழுந்து அடங்கியது. முடிந்தது என்று அவளும் நினைத்தாள். பத்தாவது பதினான்கு, பனி இல்லாத குழி, ஈக்கள்.

அப்போது முதுகு லேசாயிற்று. பாரம் எங்கோ போய்விட்டதுபோல இருந்தது. ஏன் என்று அவளுக்குப் புரியவில்லை, புரிந்துகொள்ளத் தெம்பும் இல்லை. ஐந்தாறு மூச்சு இழுத்தாள். இவ்வளவு வருஷத்தில் இந்த மனிதர் என் முதுகிலிருந்து எதையாவது இறக்கிவைத்தாரா என்று ஒரு நினைப்பு ஓடியது. கூடவே, ஒவ்வொரு மாலையும் வாசலில் நின்று மூட்டையை இறக்கிக்கொண்டவர் அவர்தானே என்ற நினைப்பும் வந்தது. பிறகு ஒரு காலை ஊன்றி, தொடையைக் கையால் அழுத்தி, எழுந்தாள். பாரம் திரும்பி வந்தது. நடந்தாள்.

மேற்கு வாசலை அடைந்தபோது சூரியன் மலைவிளிம்பில் இரண்டு விரல் மிச்சமிருந்தது. துவால் கூடையைத் தொடவில்லை. சாட்சியைப் பார்த்தார்.

“இவ மேட்டுல விழுந்துட்டான்னு சொல்றாங்களே” என்றார்.

“அவ முழங்கால் போட்டா” என்றாள் பிர்சா. “அவ குனிஞ்சதும் அவரு காலு தரையில பட்டுச்சு. சேத்துல ரெண்டு பாதமும் ஊனி, கூடையை நெஞ்சுல வெச்சுட்டு, நேரா நின்னாரு. நான் கண்ணெதிர்ல பாத்தேன். நாளுக்காரர் உட்காரலை.”

“நல்லா பாத்தியா?”

“காலையிலேர்ந்து அந்த முகத்தைத்தானே பாக்கறேன்” என்றாள் பிர்சா. அவள் உதடு கோணியது. “போன தடவை விழுந்தாருன்னு நான்தான் சொன்னேன். இந்தத் தடவை நின்னாருன்னும் நான்தான் சொல்றேன். ரெண்டும் நெசம்.”

துவால் மூக்கைத் துடைத்துக்கொண்டு முன்னால் வந்தார். கூடையை ஒர்னுவின் தோளிலிருந்து கழற்றிக் கல்மேடையில் வைத்தார். மேளம் தட்டினார்கள். நாள் இறங்கியது. ஊர் போட்ட கூச்சல் மேல்மலை வரைக்கும் கேட்டிருக்கும். பதினேழாம் வீட்டுக்காரர்கள் மாப்பிள்ளை வீட்டாரைக் கட்டிக்கொண்டார்கள். எங்கிருந்தோ மாக்கோ ஓடிவந்து கட்டுகளை அவிழ்த்து அண்ணனை இரண்டு கையிலும் வாங்கிக்கொண்டான், இனிமேல் யாரும் தாங்கலாம். பெண்கள் கெத்ராவைச் சுற்றி நின்று ஒப்பாரியை எடுத்தார்கள். தெருப் பெண்கள் ஒன்பது நாளாகத் தொண்டையில் வைத்திருந்த ஒப்பாரி அது. அவளுக்காக ஒரு இடம் விட்டுக் காத்திருந்தார்கள், அவள்தான் முதல் அடியை எடுக்க வேண்டும்.

கெத்ரா உட்கார்ந்தாள். விடிந்ததிலிருந்து முதல் தடவை. அழுகை வருகிறதா என்று பார்த்தாள். வரவில்லை. உள்ளே தேடிப் பார்த்ததில் ஒரே ஒரு ஆசைதான் அகப்பட்டது, அது தூக்கம். வாசல் சுவரில் தலையைச் சாய்த்தவள் அப்படியே தூங்கிவிட்டாள். என்ன பெண்பிள்ளை இவள் என்று ஒருத்தி முணுமுணுத்தாள். வாயைப் பொத்தச் சொன்னது பிர்சாதான் என்கிறார்கள்.

அவள் கண் விழித்தபோது தன் வீட்டுப் படுக்கையில் இருந்தாள். பக்கத்து அறையில் ஒர்னுவைக் குளிப்பாட்டிக் கிடத்தியிருந்தார்கள். பொழுது ஏறியதும் அடக்கம் என்று மாக்கோ சொன்னான். வெளியே வெளிச்சம் வந்துகொண்டிருந்தது. அவள் அடுப்பங்கரைக்குப் போனாள். பானையிலிருந்து கூழை இரண்டு கிண்ணங்களில் ஊற்றினாள். இரண்டாவது கிண்ணத்தைக் கையில் எடுத்த பிறகுதான் நின்றாள். எங்கே கொண்டுபோவது என்று தெரியவில்லை.

கிழக்கு வாசலில் மேளம் கேட்டது. கொஞ்ச நேரத்தில் பிர்சா முதுகில் கூடையோடு தெருவில் வந்தாள். முடியை இறுக்கிக் கட்டியிருந்தாள். பதினாறுக்காரர் சாட்சியாகப் பின்னால் வந்தார். கெத்ரா கிண்ணத்தோடு வாசல்படியில் நிற்பதைப் பார்த்து பிர்சா நின்றாள்.

“இன்னிக்கு என்ன தேதி?” என்று கேட்டாள் கெத்ரா. அசட்டுக் கேள்வி. நாளே எதிரில் நிற்கிறது.

“பதினஞ்சுடி” என்றாள் பிர்சா.

ஒன்பது நாளாக இந்த ஒரு வார்த்தைக்காகத்தான் அவள் மன்றாடினாள். காதில் விழுந்ததும் அது வேறு வார்த்தையாக இருந்தது. பதினான்கு எத்தனை முறை விடிந்தாலும் அதில் ஒர்னு இருந்தான். கூழ் ஊற்ற ஓர் ஆள், ஆறிடும் என்று சொல்ல ஓர் ஆள், முதுகில் வைத்துத் திட்ட ஓர் ஆள். அந்த நாளைத் தன் கையாலேயே கட்டி, தன் முதுகிலேயே சுமந்து, கொண்டுபோய் இறக்கிவிட்டு வந்திருக்கிறாள். பதினைந்தில் அவன் இல்லை. பதினாறிலும் இருக்கமாட்டான்.

“அவரு பதினஞ்சைப் பாக்கவே இல்லையேடி” என்றாள். கிண்ணம் கையிலிருந்து நழுவியது. படியில் சரிந்து உட்கார்ந்து, தெருவே திரும்பிப் பார்க்க, வாய்விட்டு அழுதாள்.

பிர்சாவால் உட்கார முடியாது. கூடையை இறக்கவும் முடியாது. கிட்டே வந்து ஒட்டி நின்றாள். கெத்ரா அவள் பாவாடையைப் பிடித்துக்கொண்டு, தொடையில் முகத்தைப் புதைத்து அழுதாள். பிர்சா ஒரு கையால் கூடைக் கயிற்றைப் பிடித்தபடி, மற்றக் கையை அவள் தலைமேல் வைத்திருந்தாள். பதினாறுக்காரர் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். பனிக்கூரைகளில் வெயில் பட்டுத் தண்ணீர் இறங்கத் தொடங்கியது. வெகுநேரம் அப்படியே நின்றார்கள். முதல் சுமைதாங்கியைத் தாண்டியிருக்க வேண்டிய நேரம் அது.

“போ” என்றாள் கெத்ரா, முகத்தைத் துடைக்காமலே.

“போகட்டுமா?”

“போடி. உனக்கு நேரமாகுது.”

பிர்சா கூடையைத் தோளில் ஒருமுறை குலுக்கிச் சரிசெய்துகொண்டு நடந்தாள்.